விழத் தெரிந்தவர்கள்

ஒரகடம் சந்திப்பிலிருந்து எந்தப் பக்கம் திரும்பினாலும் ஏதோ ஒரு கம்பெனியின் வாசல் வந்துவிடும். உள்ளே நுழைந்ததும் கண்ணில் படுவது பெரும்பாலும் ஒரு பலகை. கடைசியாக விபத்து நடந்து எத்தனை நாள் ஆயிற்று என்று அது கணக்குச் சொல்லும். தரையில் மஞ்சள் கோடு போட்ட நடைபாதை, தலைக்குக் கவசம், காலுக்கு இரும்பு முனை வைத்த ஷூ. எண்ணெய் சிந்தினால் அடுத்த நிமிடம் துடைத்தாக வேண்டும். ஏணியில் ஒருவர் ஏறினால் கீழே ஒருவர் பிடித்துக்கொண்டு நிற்க வேண்டும். வழுக்கும் தரை, ஆடும் ஏணி, மேலே யாரோ கவனமில்லாமல் வைத்துவிட்டுப் போன கனமான சாமான் என்று ஒரு சிரிப்பு நடிகருக்குத் தேவையான அத்தனையையும் இங்கே திட்டம் போட்டு அகற்றியிருக்கிறார்கள்.

உதிரிபாகங்களையே அப்படித்தான் வடிவமைக்கிறார்கள். தலைகீழாக மாட்டப் பார்த்தால் மாட்டாது. ஒரே ஒரு வழியில்தான் பொருந்தும். போக்கா-யோக்கே என்று லைனில் நிற்கும் பையன்களும் பெண்களும் கூச்சமில்லாமல் சொல்கிறார்கள். 1960களில் ஷிகியோ ஷிங்கோ என்ற ஜப்பானியப் பொறியாளர் வகுத்த முறை அது. மனிதன் தவறு செய்யத்தான் செய்வான், ஆகவே தவறு செய்ய வழியே இல்லாதபடி வேலையை அமைத்துவிடு என்பது அதன் சாரம்.

முப்பது ஆண்டுகளுக்கு முன்புவரை இந்த வட்டாரத்தில் இருந்தவை ஏரிப் பாசனத்தை நம்பிய நெல் ஊர்கள். ஸ்ரீபெரும்புதூர் என்றால் ராமாநுஜர் பிறந்த ஊர். 1991க்குப் பிறகு ராஜீவ் காந்தி கொல்லப்பட்ட ஊர். 1996இல் இருங்காட்டுக்கோட்டையில் ஹூண்டாய் கால் ஊன்றியது, 1998இல் முதல் கார் வெளியே வந்தது. 2010இல் ஒரகடத்தில் ரெனோ-நிசான் ஆலை திறந்தது. கோமாட்சு, யமஹா என்று ஜப்பானியப் பெயர்ப் பலகைகள் நிறைந்தன. அந்த நாட்டுப் பொறியாளர்களுக்கென்றே விடுதிகளும் உணவகங்களும் வந்தன.

அந்த நாட்டிலிருந்து நமக்கு வந்தது தவறைத் தவிர்க்கும் கலை. தவறி விழுவதையே பிழைப்பாக வைத்திருந்த பெரிய கலைஞர்களும் அங்கே இருந்தார்கள். அவர்கள் இந்தப் பக்கம் வந்து சேரவில்லை. நம்முடையவர்களை ஜப்பானியர்கள் கொஞ்சம் அறிவார்கள். இருங்காட்டுக்கோட்டையிலிருந்து முதல் கார் வந்த அதே 1998இல்தான் டோக்கியோவில் ‘முத்து’ வெளியாகி வாரக்கணக்கில் ஓடியது. ரஜினிகாந்தைப் பார்க்க வந்த ஜப்பானியக் கூட்டம் போனஸாகச் செந்திலையும் வடிவேலுவையும் பார்த்தது. அடி வாங்கும் முகத்துக்கு சப்டைட்டில் தேவைப்பட்டிருக்காது.

அடி வாங்கிச் சிரிக்க வைப்பவருக்கு இந்த வட்டாரத்தில் சினிமாவுக்கு வெகு முன்பே இடம் இருந்தது. காஞ்சிபுரத்தைச் சுற்றிய ஊர்களில் பங்குனி பிறந்தால் திரௌபதி அம்மன் கோயில்களில் பாரதக் கூத்துத் தொடங்கும். பகலில் பிரசங்கியார் பாரதம் சொல்வார், இரவில் கூத்து. துரியோதனனோ கர்ணனோ கட்டை கட்டி, கிரீடம் வைத்து, திரைக்குப் பின்னே நிற்பதற்கு முன்பே கட்டியக்காரன் சபைக்கு வந்துவிடுவான். அரசனின் வருகையைச் சொல்வது அவன் வேலை. அரசன் வந்த பிறகு அவனைக் கேள்வி கேட்பது, அவனிடம் உதை வாங்குவது, அவன் பாடியதை ஊர்ப் பேச்சில் திருப்பிச் சொல்வது, நடுநடுவே முன்வரிசையில் உட்கார்ந்திருக்கும் ஊர்ப் பெரியவரைச் சீண்டுவது எல்லாம் அவனுடையவை. அரசன் மகாபாரதக் காலத்தில் இருப்பான். கட்டியக்காரன் அந்த வருஷத்தில், அந்த ஊரில் இருப்பான். தூங்கிவிழும் கூட்டத்தை விடியும்வரை பிடித்து வைப்பவன் அவன்தான்.

அடுத்து வந்தது டூரிங் டாக்கீஸ். வயல் ஓரத்தில் கொட்டகை போடுவார்கள். தரை, பெஞ்சு, நாற்காலி என்று மூன்று விலை. ஒரே புரொஜெக்டர் என்பதால் ரீல் மாற்றும்போதெல்லாம் இடைவேளை. படம் சென்னையில் ஓடி முடித்து, பிரதி கீறல் விழுந்து, மாதங்கள் கழித்துத்தான் இந்தக் கொட்டகைகளுக்கு வரும். ஆனால் விழுவதற்குக் கீறல் ஒரு பொருட்டில்லை. வசனம் கரகரத்தாலும், பாட்டு பாதியில் அறுந்தாலும், ஒருவன் தடுக்கி விழுந்தால் தரை டிக்கெட்டுக்கு அது முழுதாகப் போய்ச் சேர்ந்துவிடும். மணலைக் குவித்து உயரமாக்கி அதன்மேல் உட்கார்ந்திருப்பவன் சிரித்தால் மணல் சரிந்து அவனும் விழுவான். அதற்கும் ஒரு சிரிப்பு உண்டு.

அந்தக் கொட்டகைக் காலத்தில் ஒரு சிரிப்பு நடிகரின் வாழ்க்கை எப்படி ஏறி இறங்கியது என்பதற்கு நாகேஷைவிட நல்ல உதாரணம் இல்லை. தாராபுரத்தில் 1933இல் பிறந்தவர். கன்னடம் பேசும் குடும்பம். அம்மை வார்த்து முகமெல்லாம் தழும்பு. சென்னையில் ரயில்வேயில் எழுத்தர் வேலை. அமெச்சூர் நாடகம் ஒன்றில் வயிற்று வலிக்காரனாகச் சில நிமிடங்கள் வந்தார். தலைமை தாங்க வந்திருந்த எம்.ஜி.ஆர். மற்ற எல்லோரையும் விட்டுவிட்டு அந்த வயிற்று வலிக்காரனைப் பாராட்டினார். 1959இல் ‘தாமரைக்குளம்’ முதல் படம். ஐந்தே ஆண்டில், 1964இல், ‘காதலிக்க நேரமில்லை’, ‘சர்வர் சுந்தரம்’ இரண்டும் வந்தன. அடுத்த ஆண்டு ‘திருவிளையாடல்’ தருமி. 1968இல் ‘தில்லானா மோகனாம்பாள்’ வைத்தி, ‘எதிர்நீச்சல்’ மாது.

ஒல்லியான உடம்பு, நீளமான கை கால், எந்த மூட்டு எந்தப் பக்கம் மடங்கும் என்று சொல்ல முடியாத நடை. அந்தத் தலைமுறைக்கு எலும்பே இல்லாத மனிதரென்று தோன்றியவர் அவர். ஆனால் ‘காதலிக்க நேரமில்லை’யில் பாலையாவுக்குப் பேய்ப் படக் கதை சொல்லும் காட்சியில் அவர் விழவே மாட்டார். விழுபவர் எதிரே உட்கார்ந்திருக்கும் பாலையா, முகத்தாலேயே விழுவார். விழச் செய்வதும் விழுவதைப் போலவே ஒரு வித்தை என்பதை நாகேஷ் அறிந்திருந்தார். உடம்பை முழுதும் அசைக்கத் தெரிந்தவரால்தான் அப்படி அசையாமல் இருக்க முடியும் என்று நான் நினைக்கிறேன்.

‘சர்வர் சுந்தரம்’ முதலில் கே. பாலசந்தரின் நாடகம். கிருஷ்ணன்-பஞ்சு இயக்கத்தில் படமானது. ஓட்டல் சர்வர் ஒருவன் சிரிப்பு நடிகனாகிப் புகழ் அடைகிறான். காதலித்த பெண் கிடைப்பதில்லை. அவன் படப்பிடிப்பில் இருக்கும்போது தாய் இறந்துபோகிறாள். கடைசியில் அவன் புகழை உதறிவிட்டுப் பழைய சர்வர் வேலைக்கே திரும்புகிறான். அடி வாங்கும் நடிகனின் தொழில் வாழ்க்கையைத் தமிழ் சினிமா இத்தனை நேராகப் பார்த்தது அதற்கு முன்பும் அபூர்வம், பின்பும் அபூர்வம். நாகேஷின் சொந்தக் கதை வேறு பாதையில் போனது. 1970களில் வாய்ப்புகள் தேய்ந்தன. 1989இல் ‘அபூர்வ சகோதரர்கள்’ அவரை வில்லனாக்கியது. 1994இல் இரண்டு படங்கள். ‘மகளிர் மட்டும்’ படத்தில் பிணமாக வந்தார். கண் திறக்காமல், வாய் அசையாமல், தூக்கிய பக்கமெல்லாம் துவண்டு, கொட்டகையைக் குலுக்கினார். ‘நம்மவர்’ படத்தில் மகளை இழந்த தகப்பனாக வந்தார். தேசிய விருது அதற்குத்தான் கிடைத்தது. சிரிக்க வைத்த முப்பத்தைந்து ஆண்டுக்குக் கிடைக்காதது, ஒருமுறை அழ வைத்ததற்குக் கிடைத்தது. 2009 ஜனவரி 31 அன்று இறந்தார். பத்ம விருது எதுவும் இல்லை.

அவருக்கு முந்தைய சந்திரபாபுவின் கணக்கு இன்னும் கடுமையானது. 1958இல் ‘சபாஷ் மீனா’வில் இரட்டை வேடம் போட்டு, அதில் ரிக்‌ஷாக்காரனாகச் சென்னைத் தமிழ் பேசி, சிவாஜி படத்தைப் பாதி தன் படமாக்கிக்கொண்டவர். 1974இல் நாற்பத்தேழு வயது ஆகும் முன்பே, கையில் ஒன்றும் இல்லாமல் இறந்துபோனார்.

ஜப்பானில் இவர்களுக்கு மூத்தவர் எனோமோட்டோ கெனிச்சி. எனோகென் என்றால்தான் அங்கே தெரியும். 1904இல் பிறந்தவர். டோக்கியோவின் அசாகுசாப் பகுதியில் 1929இல் தொடங்கிய ‘காசினோ ஃபோலீ’ மேடைக்குழுவில் பேர் வாங்கி, 1934இல் பேசும் படத்துக்கு வந்து, சிரிப்பின் அரசர் என்றே அழைக்கப்பட்டார். குட்டை உருவம், பெரிய கண், ரப்பர் முகம், குரங்கின் லாவகம். அகிரா குரோசவா 1945இல் எடுத்த ‘புலியின் வாலை மிதித்தவர்கள்’ படத்தில் அவர் சுமைகூலியாக வருவார். பழைய நோ நாடகத்திலும் கபுகியிலும் இருந்த வீரக் கதை அது. அந்தச் சுமைகூலியைக் குரோசவா புதிதாகச் சேர்த்தார். மாறுவேடத்தில் தப்பிச் செல்லும் பிரபுவுக்கும் அவர் வீரர்களுக்கும் நடுவே ஒரு சாதாரண மனிதன் உளறுகிறான், பயப்படுகிறான், முகம் கோணுகிறான். நம் கட்டியக்காரன் ஜப்பானில் மூட்டை தூக்கப் போனதைப் போல இருக்கும். எனோகெனுக்கு 1962இல் நோயால் வலது காலை எடுக்க வேண்டி வந்தது. உடம்பே மூலதனமாக இருந்தவர் செயற்கைக் காலோடு மறுபடியும் மேடை ஏறினார். 1970இல் இறக்கும்வரை அவர் தொழிலை விடவில்லை.

அவருக்குப் பின் அங்கே சிரிப்பு சினிமாவிலிருந்து தொலைக்காட்சிக்கு மாறியது. 1969 முதல் 1985 வரை சனிக்கிழமை இரவு எட்டு மணிக்கு ‘டிரிஃப்டர்ஸ்’ என்ற ஐவர் குழு அரங்கத்திலிருந்து நேரடியாக ஒளிபரப்பான நிகழ்ச்சியை நடத்தியது. பார்வையாளர் அளவு ஒரு கட்டத்தில் 50 சதவீதத்தைத் தாண்டியது. அவர்களின் முத்திரை, கூரையிலிருந்து தலையில் விழும், துணி அலசும் உலோகத் தொட்டி. விழும் என்று எல்லோருக்கும் தெரியும். எப்போது என்றுதான் தெரியாது. 1974இல் அந்தக் குழுவில் சேர்ந்த ஷிமுரா கென் பின்னாளில் ஒரு அசட்டு ராஜாவைப் படைத்தார். வெள்ளை பூசிய முகம், வானத்தைப் பார்த்து நிற்கும் குடுமி. அந்த அசட்டு ராஜாவையும் 2006இல் வந்த நம் ‘இம்சை அரசன் 23ஆம் புலிகேசி’யையும் பக்கத்தில் பக்கத்தில் நிறுத்தினால் ஒன்றுவிட்ட சகோதரர்கள் என்று சொல்லலாம். யாரும் யாரையும் பார்த்துச் செய்ததாகத் தெரியவில்லை. அதிகாரத்தைக் கேலி செய்ய முட்டாள் அரசனைவிடப் பாதுகாப்பான வழி எந்த நாட்டிலும் இல்லை.

ஷிமுரா சினிமாவை ஏறக்குறைய ஒதுக்கியே வைத்திருந்தார். 1999இல் ‘போப்போயா’ என்ற படத்தில் சிறு வேடம் செய்தார். எழுபது வயதில்தான் யோஜி யமாடா இயக்கும் படத்தில் கதாநாயகனாக நடிக்க ஒப்புக்கொண்டார். 2020 மார்ச் 29 அன்று கொரோனா அவரைக் கொண்டுபோய்விட்டது. அந்த வேடத்தில் வேறொருவர் நடித்து 2021இல் படம் வந்தது.

நம் பக்கம் தலையில் விழுந்தது தொட்டி அல்ல, சுத்தியல்.

வடிவேலு மதுரைக்காரர், கண்ணாடி வெட்டிப் படத்துக்குச் சட்டம் போடும் கடையில் வேலை பார்த்தவர். 1991இல் ‘என் ராசாவின் மனசிலே’ அவரைத் தெரியவைத்தது. அங்கேயே கவுண்டமணியிடம் அடி வாங்கத் தொடங்கிவிட்டார். அடுத்த ஆண்டு ‘சின்னக் கவுண்டர்’ படத்தில் விஜயகாந்துக்குக் குடை பிடித்தார். நாகேஷுக்குக் காலும் கையும் எப்படியோ, இவருக்குக் குரலும் தோளும் அப்படி. அடி விழுவதற்கு முந்தைய வீறாப்பு, விழும்போது வரும் ஊளை, விழுந்த பிறகு யாரும் பார்க்கவில்லை என்று தனக்குத்தானே சமாதானம் செய்துகொள்வது என்று மூன்று பகுதிகளாக ஒவ்வோர் அடியையும் பிரித்து விரித்தார். ‘வெற்றிக் கொடி கட்டு’, ‘வின்னர்’, ‘கிரி’, ‘தலைநகரம்’ என்று 2000களில் அவர் இல்லாத வெற்றிப் படத்தைத் தேடிப் பிடிக்க வேண்டியிருந்தது.

‘ஃப்ரெண்ட்ஸ்’ 2001இல் வந்தது. சித்திக் மலையாளத்தில் எடுத்ததைத் தாமே தமிழிலும் எடுத்தார். பழைய பங்களா ஒன்றைப் பழுது பார்த்து வெள்ளையடிக்கும் வேலை. காண்ட்ராக்டர் நேசமணியாக வடிவேலு. அவரிடம் வேலை பார்ப்பவர்கள் விஜய், சூர்யா, ரமேஷ் கண்ணா. மேலேயிருந்து சுத்தியல் விழுகிறது. இன்றைய ஒரகடத்துப் பாதுகாப்பு அதிகாரி ஒருவர் அந்தக் காட்சியைப் பார்த்தால் எழுதித் தள்ளுவதற்கு ஒரு நோட்டு போதாது. கவசம் இல்லை, கருவியைக் கட்டி வைக்கவில்லை, கீழே தடுப்பு இல்லை, ஏணியைப் பிடிக்க ஆள் இல்லை. சிரிப்பு முழுக்க அந்த மீறல்களிலிருந்தே வருகிறது.

அதில் எனக்கு முக்கியமாகப் படுவது வேறொன்று. நேசமணி வேலையாட்களோடு ஒரே கூரையின் கீழ் நிற்கிறார். திட்டுகிறார், விரட்டுகிறார், அவர்கள் செய்த பிழைக்கு அவர் தலை வீங்குகிறது. இந்தத் தொழிற்சாலைப் பட்டையில் ஒப்பந்தத் தொழிலாளராக இருப்பவர் தன் காண்ட்ராக்டரை மாதக்கணக்கில் பார்ப்பதில்லை. சம்பளம் வங்கிக்கு வருகிறது, அடையாள அட்டையில் ஒரு பெயர் இருக்கிறது. அந்தக் காண்ட்ராக்டர் தலையில் எதுவும் விழ வாய்ப்பில்லை.

2019 மே மாதக் கடைசியில், கட்டுமானப் பொறியியல் சார்ந்த ஒரு முகநூல் பக்கத்தில் சுத்தியல் படம் போட்டு உங்கள் நாட்டில் இதற்கு என்ன பெயர் என்று கேட்டார்கள். நேசமணி தலையில் இது விழுந்துவிட்டது என்று ஒரு தமிழர் பதில் போட, அவர் நலமா என்று இன்னொருவர் கேட்க, ஒரே இரவில் ‘ப்ரே ஃபார் நேசமணி’ உலக அளவில் பரவியது. பிரதமர் பதவியேற்புக்கு முந்தைய நாள் அது. செய்திக்காரர்கள் இரண்டையும் சேர்த்தே எழுத வேண்டியதாயிற்று. வடிவேலுவுக்கு முதலில் என்ன நடக்கிறது என்றே புரியவில்லை. பிறகு பேட்டியில் அவரே சொன்னார்.

அந்த நேரத்தில் அவர் கையில் படம் இல்லை. 2011 தேர்தலில் தி.மு.க.வுக்காகப் பிரசாரம் செய்த பிறகு வாய்ப்புகள் நின்றன. 2014இல் ‘தெனாலிராமன்’, 2015இல் ‘எலி’ என்று இடையிடையே வந்தவை எடுபடவில்லை. புலிகேசியின் இரண்டாம் பாகத் தகராறில் தயாரிப்பாளர்கள் தடை போட்டார்கள். அது 2021இல்தான் நீங்கியது. அந்தப் பத்தாண்டில் பெரும்பகுதி மனிதர் வீட்டில் இருந்தார். அவர் முகம் மட்டும் ஒருநாளும் விடுப்பு எடுக்கவில்லை. சம்பளம் தாமதமா, ஓவர்டைம் கேட்டார்களா, மழைக்கு விடுமுறை விடவில்லையா, கேன்டீன் சாம்பார் தண்ணியா, எதற்கும் அவருடைய ஒரு முகபாவம் தயாராக இருந்தது. ஷிப்ட் முடிந்து சுங்குவார்சத்திரம், வல்லம் வடகால் பக்கமிருந்து கிளம்பும் கம்பெனி பஸ்களில் இரண்டு பேர் ஒரு செல்போனைப் பார்த்துச் சிரித்தால், அதில் அவர் இருக்கப் பாதிக்குப் பாதி வாய்ப்பு உண்டு.

இதற்கான விதையைச் சினிமாவே போட்டிருந்தது. என்.எஸ்.கிருஷ்ணன் காலத்திலிருந்தே சிரிப்புப் பகுதியைத் தனியாக எழுதி, தனியாக எடுத்து, பெரிய கதையில் ஒட்டும் வழக்கம் இருந்தது. காமெடி டிராக் என்று பின்னாளில் அதைச் சொன்னார்கள். கதைக்குள் இறுகப் பின்னியதை வெட்டி எடுக்க முடியாது. ஒட்டியதைச் சுலபமாகப் பிரித்துவிடலாம். முதலில் கேசட் கடைக்காரர்கள் பிரித்தார்கள். பிறகு ஆதித்யா, சிரிப்பொலி போன்ற சேனல்கள் பிரித்து நாள் முழுக்க ஓட்டின. கடைசியில் செல்போன்காரர்கள் பத்து வினாடியாகவும், பிறகு ஒற்றைப் படமாகவும் பிரித்தார்கள். விழுந்தவர் காற்றிலேயே நின்றுவிட்டார். முழுப் படத்தையும் பார்த்திராதவர்கள்கூட அவரை வைத்து வாயாடுகிறார்கள்.

நாகேஷ் விழுந்தால் அதற்கு அன்றைக்கே கூலி உண்டு, அடுத்த படத்துக்கு விலை உண்டு. கொட்டகை காலியானால் வாய்ப்பும் காலி. மீமில் கிடைக்கும் புகழுக்குச் சம்பளப் பட்டியல் இல்லை. உரிமை தயாரிப்பாளரிடமோ சேனலிடமோ இருக்கிறது. நடிகருக்கு ஒரு பைசா வருவதில்லை. மறக்கப்படுவோம் என்ற பழைய பயம் வடிவேலுவுக்கு இல்லாமல் போனது என்னவோ உண்மை. சந்திரபாபு தம் கடைசி ஆண்டுகளில் அந்த ஒன்றுக்காக எதையும் கொடுத்திருப்பார்.

இழந்ததில் பெரியது, சேர்ந்து சிரிப்பது. முந்நூறு பேர் ஒரே நொடியில் சிரித்த சத்தம் கொட்டகைக்கு வெளியே வயலில் காவல் இருந்தவனுக்கும் கேட்கும். இன்று இயர்போன் மாட்டியவர் சிரித்தால் பக்கத்து சீட்டுக்காரருக்கே காரணம் தெரியாது. ஆனால் யாரைப் பார்த்துச் சிரித்தோம் என்பதில் கொஞ்சம் நாணயம் வந்திருக்கிறது. கறுப்பு, குண்டு, திக்குவாய், மொட்டை, ஏழை என்று அடி வாங்கியவரின் உடம்பையும் பிறப்பையுமே நகைச்சுவையாக்கிய ஆயிரக்கணக்கான அடிகள் அந்தக் கொட்டகைகளில் ஓடின. நானும் சிரித்தவன்தான். அவற்றில் பலவற்றை இன்று லைனில் வேலை செய்யும் இருபது வயதுக்காரர் முகம் சுளித்துத் தள்ளிவிடுகிறார்.

இந்த மாற்றம் ஒரே நடிகரின் உடம்பில் நடந்தது. 1992இல் ‘தேவர் மகன்’ படத்தில் வடிவேலு இசக்கி. எஜமானுக்கு விசுவாசமாக இருந்து கையை இழந்தவன். கை போனதையும் வேடிக்கையாகப் பேசியவன். மாரி செல்வராஜ் அந்த இசக்கியை மறக்கவில்லை. அவனுக்குச் சொல்லும் பதிலாகவே ‘மாமன்னன்’ படத்தை யோசித்ததாக வெளிப்படையாகச் சொன்னார். 2023இல் வந்த அந்தப் படத்தில் வடிவேலு ஒடுக்கப்பட்ட சமூகத்துச் சட்டமன்ற உறுப்பினர்; தன் கட்சியின் ஆதிக்கச் சாதித் தலைவர் முன்னால் உட்காரத் தயங்கி, பிறகு உட்காரும் மனிதர். முப்பத்தொரு ஆண்டு அடி வாங்கிய தோளை அவர் அசையாமல் வைத்திருந்தார். ‘நம்மவர்’ நாகேஷ் நினைவுக்கு வராமல் இருக்காது. 2025இல் ‘கேங்கர்ஸ்’ வழியாக மறுபடி அடி வாங்கவும் வந்தார். அது பழைய உயரத்தைத் தொடவில்லை. அதே ஆண்டு ‘மாரீசன்’ படத்தில் அமைதியான வேடம். அதில் அவரைப் பார்க்க நன்றாக இருந்தது.

தொடக்கத்தில் சொன்ன பாதுகாப்புப் பலகையைப் பற்றி ஒன்று சொல்லவேண்டும். பெரிய ஆலையின் வாசலில் அது மினுமினுக்கிறது. அவற்றுக்கு உதிரிபாகம் செய்து தரும் சிறு பட்டறைகளில், பவர் பிரஸ்ஸில் விரல் போவது நின்றுவிடவில்லை. சாப்ளின் 1936இலேயே கன்வேயரில் மாட்டிக்கொண்டு சுற்றிக் காட்டினார். கன்வேயர் இங்கே வந்து ஒரு தலைமுறை ஆகிவிட்டது. அதன் பக்கத்தில் நின்று சிரிக்க வைக்கும் தமிழ் நடிகர் இன்னும் வரவில்லை. வெள்ளையடிப்பு, ஓட்டல், பஞ்சாயத்து, பேருந்து என்று நம் சிரிப்பு நடிகர்கள் விழாத இடம் இல்லை. அசெம்ப்ளி லைனில் மட்டும் ஒருவரும் விழவில்லை.

லைனில் நிற்பவர்களில் பெண்கள் மிகுதி. செல்போன் ஆலைகளில் ஆண்களைவிட அவர்களே அதிகம். வெளி மாவட்டங்களிலிருந்து வந்து விடுதிகளில் தங்கி, ஷிப்ட் முறையில் தூங்கி எழுபவர்கள். அவர்கள் பார்த்துச் சிரிக்கும் துண்டுகளில் விழுகிறவர்கள் ஏறத்தாழ எல்லோரும் ஆண்கள். டி.ஏ.மதுரம், மனோரமா, கோவை சரளா என்று ஒரு வரிசை முன்பு இருந்தது. கோவை சரளா வடிவேலுவை அடித்த அடிகள் இன்றும் செல்போன்களில் ஓடுகின்றன. அவருக்குப் பிறகு அந்த இடத்தில் நிலையாக நின்றவர் இல்லை.

காஞ்சிபுரத்துக்குப் பக்கத்தில் புஞ்சரசந்தாங்கல் என்ற கிராமத்தில், கூத்துக் கலைஞர் பெ.ராஜகோபாலும் ஹன்னே டி புருயினும் 1990இல் உருவான கட்டைக்கூத்துச் சங்கத்தின் சார்பில் 2002 முதல் ஒரு குருகுலம் நடத்தினார்கள். 2020இல் அது மூடப்பட்டது. பள்ளிப் பாடத்தோடு கூத்தும் கற்றுக்கொடுத்த அந்த இடத்தில், தலைமுறை தலைமுறையாக ஆண்களே ஆடிய ஆட்டத்தைப் பெண் பிள்ளைகளும் கற்றார்கள். கட்டை கட்டிச் சுழன்றார்கள், குரலை உயர்த்தி வசனம் பேசினார்கள், கூட்டத்தின் கண்ணைப் பார்த்துக் கேலி பேசவும் பழகினார்கள். விடிய விடிய ஆடிய கூத்து சில மேடைகளில் இரண்டு மூன்று மணி நேரமாகச் சுருங்கியிருக்கிறது. மறுநாள் காலை ஷிப்டுக்குப் போகிற ஊரில் வேறு வழியில்லை. கட்டியக்காரனுக்கு விஷயப் பஞ்சம் வரவில்லை. மனை விலை, கம்பெனி பஸ், காண்ட்ராக்ட் சம்பளம் என்று இந்த வட்டாரம் அவனுக்கு வாரி வழங்குகிறது. விழத் தெரிந்த ஒரு பெண்ணைத் தமிழ் சினிமா தேடத் தொடங்கினால், அந்தக் குருகுலத்தில் பயின்றவர்களைத் தேடி ஒரகடத்திலிருந்து காஞ்சிபுரம் பக்கம் போக ஒரு மணி நேரம்தான் ஆகும்.